என் பேய்க்கதையைப் படித்தவர்கள்

ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். அப்படிப்பட்டவன் நூற்று எண்பது பக்கத்துக்கு ஒரு பேய் நாவல் எழுதி, அதை அச்சுப் போட்டு, முந்நூறு பிரதிகளையும் மூன்றே மாதத்தில் ஆட்கள் கையில் சேர்த்திருக்கிறேன். பட்டம் வாங்கியவர்களில் எத்தனை பேர் இந்த வேலையைச் செய்திருக்கிறார்கள் என்று விசாரித்துப் பாருங்கள். பெருமைக்காகச் சொல்லவில்லை என்றால் அது பொய். பெருமைக்காகத்தான் சொல்கிறேன்.

ஆனால் அந்த முந்நூறில் இருநூற்றுத் தொண்ணூற்று ஒன்பது கணக்கில் இல்லை. ஒரே ஒரு பிரதிக்காகத்தான் மொத்தத்தையும் எழுதினேன். அது ஓசூரில் இருக்கிற என் மகளுக்கு. அவள் என்னோடு பேசி அப்போது மூன்று வருடம் ஆகியிருந்தது. அவள் அதைப் படித்துவிட்டு ஒரு வார்த்தை சொல்ல வேண்டும், திட்டினாலும் சரி என்றுதான் உட்கார்ந்து எழுதினேன்.

என் தொழில் போர் போடுவது. பதினான்கு வயதில் போர் வண்டியில் ராடு தூக்கச் சேர்ந்தேன். இருபது அடி நீள இரும்புக் குழாயை ராடு என்போம். ஒன்றை இறக்கி, அதன் தலையில் அடுத்ததை முடுக்கி, பூமிக்குள் போய்க்கொண்டே இருக்க வேண்டும். கம்ப்ரசர் காற்று, உடைந்த கல்லை மாவு மாவாக வெளியே தள்ளும். அந்த மாவைக் கிள்ளி நாக்கில் வைத்தால் ஊற்று இன்னும் எத்தனை அடியில் என்று சொல்லிவிடுவேன். பாப்பாரப்பட்டிப் பக்கத்து வெள்ளைக்கல்லும் எனக்குத் தெரியும், பொம்மிடிப் பக்கத்துக் கருங்கல்லும் தெரியும். முப்பத்தாறு வயதில் சொந்த வண்டி வாங்கினேன். இந்த மாவட்டத்தில் என் கையால் தண்ணீர் வந்த தோட்டங்களை ஒரு நாளில் சுற்றிப் பார்க்க முடியாது.

ஒரு சட்டமும் நான் போட்டது. போர் ஓடுகிறபோது நிலத்துக்காரன் குழியை விட்டு நகரக் கூடாது, நகர்ந்தால் ஊற்றும் நகர்ந்துவிடும். இது சாமி சொன்னதும் இல்லை, பெரியவர்கள் சொன்னதும் இல்லை. தொழில் தொடங்கிய புதிதில் நிலத்துக்காரர்கள் மரத்தடியில் போய்ப் படுத்துத் தூங்கிவிட்டு, எழுந்து வந்து, "அத்தினி ராடு எங்க எறங்குச்சி?" என்று சண்டைக்கு நிற்பார்கள். பக்கத்தில் நின்று தாங்களே எண்ணட்டும் என்று நான் கட்டிவிட்ட பேச்சு அது. பத்து வருடத்தில் மற்ற வண்டிக்காரர்களும் அதையே சொல்ல ஆரம்பித்தார்கள். உள்ளங்கையில் தேங்காய் வைத்து நீரோட்டம் பார்க்கிறவர்கள்கூட அதை ஏதோ மந்திரம் மாதிரி சொன்னார்கள். கேட்டு எனக்குள்ளே சிரித்துக்கொள்வேன்.

அதியமான்கோட்டைக்குப் பக்கத்தில், நெடுஞ்சாலையிலிருந்து கொஞ்சம் உள்ளே தள்ளி மாடி வீடு கட்டினேன். எட்டு அறை. ஆனால் அந்த வீட்டில் தண்ணீர் இல்லை. வடகிழக்கில் இரண்டு போர் போட்டேன், இரண்டும் காய்ந்த குழி. வாரத்துக்கு இரண்டு முறை டேங்கர் லாரி வந்து தொட்டியை நிரப்பிவிட்டுப் போகும். தெருமுனை டீக்கடையில், நான் காதில் வாங்க வேண்டும் என்றே ஒருவன் சொல்வான், "ஊருக்கெல்லாம் தண்ணி காட்டுனவரு வூட்டுக்கு லாரியில தண்ணி வருதுப்பா!" அந்தப் பேச்சு என்னைத் தின்றது. தென்மேற்கு மூலையில் போர் கூடாது என்று எல்லாரும் சொன்னார்கள். என் தேங்காய் அங்கேதான் எழுந்து நின்றது. மூன்றாவது குழியை அங்கே போட்டேன். அது ஓடிக்கொண்டிருந்தபோதுதான் என் மனைவி சமையல்கட்டில் விழுந்து இறந்துபோனாள். நான் குழியருகே நின்றுகொண்டிருந்தேன். கம்ப்ரசரை நிறுத்திவிட்டு உள்ளே போனபோது எல்லாம் முடிந்திருந்தது. அந்தக் குழியிலும் தண்ணீர் இல்லை.

முன்பக்கத்து வீட்டு ஆயாவுக்கு மட்டும் கேட்டிருக்கிறது. "ஏங்க, ஏங்கன்னு ரெண்டு தபா கூப்ட்டுதும்மா உங்கம்மா. உங்கப்பாதான் இருக்காரேன்னு நெனச்சேன்" என்று என் மகளிடம் சொல்லிவிட்டது. பதினாறாம் நாள் காரியம் முடிந்து, பெட்டியைக் காரில் ஏற்றிக்கொண்டே மகள் என்னைப் பார்த்தாள்.

"தெருவுல இருந்த ஆயாவுக்குக் கேட்டிருக்கு. உனக்குக் கேக்கல."

அதுதான் கடைசிப் பேச்சு. அதன் பிறகு பொங்கலுக்கும் தீபாவளிக்கும் மருமகன் போன் பண்ணுவார். "நல்லாருக்கீங்களா மாமா? மாத்திரை சாப்புடறீங்களா?" என்பார். பின்னால் அவள் பாத்திரம் வைக்கிற சத்தம் கேட்கும். அந்தச் சத்தத்துக்காகவே இன்னும் நாலு வார்த்தை பேசி இழுப்பேன்.

ஏன் பேய்க்கதை என்று எல்லாரும் கேட்டார்கள். என் மகள் பள்ளிக்கூடத்தில் படித்தபோது பேய்க்கதை என்றால் உயிரை விடுவாள். வண்டி வேலை முடிந்து வரும்போது தர்மபுரி பஸ் ஸ்டாண்டுக் கடையில் மாத நாவல் ஒன்று வாங்கி வருவேன். பேய்ப் படம் போட்ட அட்டையாகப் பார்த்து எடுப்பேன். அவள் சமையல்கட்டு வாசலில் சப்பணம் போட்டு உட்கார்ந்து உரக்கப் படிப்பாள். அவள் அம்மா சட்னிக்கு வெங்காயம் உரித்துக்கொண்டே கேட்பாள். "போதும்டி, வேணாம்டி" என்பாள். படிப்பதை நிறுத்தினால், "அப்பறம் அந்தக் கதவத் தொறந்தாளா இல்லியா?" என்பாள். நான் கூடத்தில் துண்டை முகத்தில் போட்டுத் தூங்குகிற மாதிரி படுத்துக்கொண்டு எல்லாவற்றையும் கேட்பேன். வேறு எந்தப் புத்தகம் எழுதினாலும் அவள் பிரிக்க மாட்டாள். பேய்க்கதை என்றால் ஒரு பக்கமாவது புரட்டாமல் இருக்க முடியாது அவளால்.

கதை இதுதான். போர் வண்டி வைத்திருக்கும் ஒருவன். அவன் வீட்டுக் கொல்லையில் ஒரு காய்ந்த குழி. தினமும் உச்சிவேளையில் அந்தக் குழாய்க்குள்ளிருந்து ஒரு பெண் குரல் வரும். அதட்டாது, அழாது. "ஏங்க, சாப்ட்டீங்களா?" என்று கேட்கும். "கேட்டைச் சாத்துனீங்களா?" என்று கேட்கும். "பால் பொங்குது பாருங்க" என்று சொல்லும். யார் "என்ன?" என்று பதில் சொல்கிறார்களோ அவர்களுக்கு மறுநாள் பேச்சு போய்விடும். அவர்கள் குரலும் குழிக்குள்ளிருந்து வர ஆரம்பிக்கும். வண்டி டிரைவர் பதில் சொல்வான், சமையல்காரம்மா பதில் சொல்வாள், கடைசியில் தம்பியும் பதில் சொல்வான். அந்த வீட்டுக்காரன் மட்டும் பல்லைக் கடித்துக்கொண்டு பதிலே சொல்ல மாட்டான். அதனால் அவன் பிழைத்துக்கொள்வான். அந்தக் குரல் யாருடையது என்பது முடிவில்தான் தெரியும். அவன் சேலத்துக்குப் போயிருந்த ஒரு நாளில், வீட்டில் தனியாக இருந்து செத்துப்போன அவன் மனைவியின் குரல்.

நாலு நோட்டுப் புத்தகம் எழுதினேன். மதியச் சாப்பாடு முடிந்ததும் சாப்பாட்டு மேசையிலேயே உட்கார்ந்துவிடுவேன். எட்டுப் பேர் உட்காரும் மேசை. ஒரு முனையில் நான், எதிரில் ஏழு நாற்காலி. எழுதியதை அவற்றுக்கு உரக்கப் படித்துக் காட்டுவேன். தர்மபுரியில் ஒரு அச்சகக்காரரிடம் கொடுத்தேன். அவர் மூக்குக் கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு கேட்டார்.

"பெரியவரே, பேய் எதுக்குங்க 'சாப்ட்டீங்களா'ன்னு கேக்குது? ரத்தங் கித்தம் கேட்டாத்தானுங்க பேயி?"

"பேய் எப்பிடிப் பேசும்னு எனக்குத் தெரியும். நீ அடிய்யா."

"சரிங்க. அட்டையில நாக்கு தொங்குற மாதிரி ஒண்ணு போட்டுர்றேன்."

"நாக்கெல்லாம் வேணாம். ஒரு குழாய் போடு, போதும்."

'போர்க்குழிப் பேய்' என்று பெயர் வைத்தது அவர்தான். பேய் என்ற சொல் அட்டையில் இல்லாவிட்டால் யாரும் தொட மாட்டார்கள் என்று சாதித்தார். பின் அட்டையில் என் போன் நம்பரைப் பெரிய எழுத்தில் போடச் சொன்னேன். முதல் பிரதியைக் கையில் வாங்கியதும் அச்சகத்திலிருந்து நேராகக் கூரியர் கடைக்குப் போய் ஓசூருக்கு அனுப்பிவிட்டுத்தான் மறுவேலை பார்த்தேன்.

மற்றதை நான் போர் போட்ட ஊர்களுக்கெல்லாம் கொண்டுபோய்க் கொடுத்தேன். போன் வர ஆரம்பித்தது. அடடா, என்ன மாதிரி போன்கள்! பொம்மிடி ஸ்டேஷனுக்கு வெளியே டீக்கடை வைத்திருப்பவர் கூப்பிட்டார்.

"அண்ணா, காலையில பால் அடுப்புல வெச்சிட்டு உங்க புத்தகத்தப் பிரிச்சேன். பால் பொங்குது பாருங்கன்னு படிக்கிறேன், என் பால் பொங்கி ஊத்திருச்சி. கஸ்டமருங்கல்லாம் சிரிக்கிறானுங்க. எனக்கு மட்டும் கையெல்லாம் சில்லுனு ஆயிருச்சி."

பாப்பாரப்பட்டியில் வெல்டிங் பட்டறை வைத்திருப்பவர், "உங்க புண்ணியத்துல ஒரு மாசமா ஓய்ச்சல் இல்லீங்க" என்றார். சுற்றுவட்டாரத்தில் திறந்து கிடந்த காய்ந்த குழிகளுக்கெல்லாம் இரும்பு மூடி போட ஆள்மேல் ஆள் வருகிறார்களாம். குழந்தை விழுந்துவிடும், மூடி போடுங்கள் என்று நான் முப்பது வருடம் கத்தியபோது ஒருவன் கேட்கவில்லை. பேய் வந்து சொன்னதும் கேட்டார்கள்.

என் வயதொத்த ஒரு விவசாயி, கிறிஸ்தவர், அவர் தோட்டத்தில் அந்தக் காலத்தில் மூன்று போர் போட்டிருக்கிறேன். அவர் நேரிலேயே வந்துவிட்டார்.

"யோவ், ஒன்னால எங்க சாமியாரக் கூட்டியாந்து அந்த ஃபெயிலு குழிக்கு மந்திரிச்ச தண்ணி தெளிக்க வேண்டியதாப் போச்சி. எம் பொண்டாட்டி அந்தப் பக்கம் புல்லு அறுக்கவே போவ மாட்டேங்கறா."

"குழியில தண்ணி வந்துச்சா?"

"எங்க வந்துச்சி? நீ போட்ட போருக்கு அவரு தெளிச்ச தண்ணிதான் வந்துச்சி."

இரண்டு பேரும் சிரித்தோம். சாப்பிட்டுவிட்டுப் போகலாம் என்றேன். அவர் கொல்லைப் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டு, "இன்னொரு நாளைக்கி" என்று எழுந்துவிட்டார். சிரிப்பு ஓய்ந்த பிறகுதான் அவர் பார்த்த திசை எனக்கு உறைத்தது.

தப்பு என்னுடையதுதான். போர்க்காரனுக்கு ஒரு பழக்கம் உண்டு. குழி போட்டால் அன்றைக்கே நோட்டில் எழுதிவிட வேண்டும்: எந்த மூலை, எத்தனை ராடு, மண் சரியாமல் இருக்க எத்தனை அடிக்குக் கேசிங் பைப், எந்தக் கல், பக்கத்தில் என்ன அடையாளம். நாற்பது வருடம் அப்படி எழுதிய கை, கதையில் குழி வந்ததும் தானாகவே எழுதிவிட்டது. 'தென்மேற்கு மூலை. நாற்பத்தெட்டு ராடு, தொள்ளாயிரத்து அறுபது அடி. கேசிங் அறுபது அடி. எட்டடி தள்ளி ஒரு முருங்கை மரம்.' எல்லாம் என் வீட்டுக் குழி. கற்பனையாக ஒரு குழிக்கு ஆழம் சொல்ல எனக்கு வரவில்லை. நோட்டில் பொய் ஆழம் எழுதியவன் இல்லை நான்.

வீட்டு வேலைக்கு வந்துகொண்டிருந்த அம்மாள் ஒருநாள் விளக்குமாற்றைச் சுவரில் சாய்த்துவிட்டு வாசலுக்கு வெளியிலேயே நின்றாள்.

"மொதலாளி, எம்புள்ள அந்தப் புஸ்தகத்தப் படிச்சிக் காட்டுச்சிங்க. அது நம்ம வூடுதானுங்க?"

"கதைம்மா அது."

"கதையில முருங்க மரம் எப்பிடிங்க வந்துச்சி?"

"எல்லா வூட்லயும் முருங்க மரம் இருக்கு."

"எட்டடியிலீங்களா?" என்றாள். "அதுல சமையல்காரம்மாவுக்கும் வாய் போவுதுங்க. எனக்கு வாய்தானுங்க பொழப்பே." அவளுக்குச் சிரிப்பும் வந்தது, பயமும் இருந்தது. மறுநாளிலிருந்து வரவில்லை.

பால்காரர் பாக்கெட்டைக் கேட்டிலேயே மாட்டிவிட்டுப் போக ஆரம்பித்தார். மணியடித்து நான் வருவதற்குள் வண்டி போய்விடும். கேபிள்காரர் போனிலேயே எல்லாவற்றையும் சொல்லி முடித்துக்கொள்வார். டேங்கர் லாரி டிரைவர் மட்டும் வந்தார், டியூபைத் தொட்டியில் போட்டுவிட்டு வண்டிக்குள் ஏறிக் கண்ணாடியை ஏற்றிக்கொள்வார். வெளியூரில் எழுத்தாளர் என்று பெயர் வாங்கிவிட்டேன், என் தெருவில் ஆள் இல்லாமல் போய்விட்டது. நானே கூட்டி, நானே சமைத்து, மேசை முனையில் தட்டுக்குப் பக்கத்தில் போனை மல்லாத்தி வைத்துக்கொண்டு சாப்பிடுவேன். மணி அடித்தால் இரண்டாவது அடிப்புக்குள் எடுத்துவிடுவேன். கடன் வேண்டுமா சார் என்று கேட்கிற பெண்ணிடம்கூட, "அதெல்லாம் வேணாம்மா, பேய்க்கதை படிப்பியா?" என்று கேட்டிருக்கிறேன். அந்தப் பெண் ஒரு நிமிடம் யோசித்து, "படிப்பேன் சார்" என்றது. விலாசம் வாங்கி ஒன்று அனுப்பினேன்.

ஓசூரிலிருந்து மட்டும் போன் இல்லை. புத்தகம் வந்து சேர்ந்தது என்று மருமகன் சொன்னார். "அவ பார்த்தாளா?" என்றேன். "டீவி ஸ்டாண்டு மேல வெச்சிருக்கா மாமா" என்றார். படித்தாளா என்று கேட்க வாய் வரவில்லை.

பாப்பாரப்பட்டியிலிருந்து தையல் வேலை செய்கிற ஒரு பெண் கூப்பிட்டார். குரலைக் கேட்டால் நாற்பது, நாற்பத்தைந்து வயது இருக்கும். வெல்டிங் பட்டறையில் கிடந்த புத்தகத்தை இரவல் வாங்கிப் படித்ததாகச் சொன்னார்.

"பயந்தீங்களாம்மா?" என்று கேட்டேன். எல்லாரிடமும் முதலில் இதைத்தான் கேட்பேன்.

"இல்லீங்க பெரியவரே. எங்க வூட்டுக்காரரு போயி ரெண்டு வருசம் ஆவுது. அந்தக் குழி எங்க வூட்ல இருக்கக் கூடாதான்னு நெனச்சேங்க."

 தையல் மெஷின் ஒரு தரம் ஓடி நின்றது.

"ஒண்ணே ஒண்ணுங்க. அந்த ஆளு ஒரு தடவையாவது பதில் சொல்லியிருக்கலாம். வாய் போனாத்தான் என்னங்க? அத்தினி நாள் அந்தம்மா கூப்புடுது. சாப்ட்டேன்னு ஒரு வார்த்த."

"பதில் சொன்னா கதை முடிஞ்சிரும்மா."

"முடிஞ்சா முடியட்டுமுங்க" என்றார் அந்தப் பெண்.

போனை வைத்துவிட்டு வெகுநேரம் அந்த ஏழு நாற்காலியைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன். முந்நூறு பிரதியில் எனக்குக் கிடைத்த பாராட்டுகளை எல்லாம் ஒரு பக்கம் வைத்தால், அந்த அம்மாள் சொன்னதுதான் இன்னொரு பக்கம்.

அடுத்த வாரம் ஒரு வியாழக்கிழமை, காலை பதினோரு மணி இருக்கும். கத்திரிக்காய் அரிந்துகொண்டிருந்தேன். மருமகன் நம்பர். எடுத்து, "சொல்லுங்க மாப்ள" என்றேன். அந்தப் பக்கம் மூச்சு மட்டும் கேட்டது. மூச்சிலேயே தெரிந்துவிட்டது.

"படிச்சேன்" என்றாள்.

நான் கத்தியைக் கீழே வைத்தேன். மூன்று வருடமாகத் தேக்கி வைத்திருந்த பேச்சில் ஒன்றும் வாய்க்கு வரவில்லை. பழக்க தோஷத்தில், "பயமா இருந்துச்சா?" என்று கேட்டுவிட்டேன்.

"எங்கம்மாவப் பேயாக்கிட்ட."

"இல்ல பாப்பா..."

"இரு, நான் பேசிக்கறேன். பேயாக்கினதுகூடப் பரவால்ல. அம்மா மாதிரியேதான் பேசுது. கேட்டைச் சாத்துனீங்களான்னு படிச்சப்ப எனக்கே குரல் கேட்டுது. ஆனா அந்த ஆளு? அன்னிக்கு அவன் சேலம் போயிருந்தான்னு எழுதியிருக்க. நீ சேலமா போயிருந்தப்பா?"

அரிந்த கத்திரிக்காயைத் தண்ணீருக்குள் தள்ளினேன்.

"முருங்க மரம் எட்டடின்னு எழுதத் தெரியுது. கேசிங் அறுவதடின்னு எழுதத் தெரியுது. பின்வாசல்லருந்து குழிக்கு எத்தினி அடி?"

"முப்பத்திரண்டு" என்றேன். யோசிக்காமலே வந்தது.

"அத எழுதல நீ" என்றாள். போன் நின்றுவிட்டது.

அடுப்பை அணைத்தேன். கத்திரிக்காய் தண்ணீரில் கிடந்தது. நாவல் எழுதிவிட்டேன் என்று மாவட்டம் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தவன், அன்றைக்கு ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துவிட்டு மேசையில் உட்கார்ந்தேன். ஐந்தாவது நோட்டை எடுத்தேன்.

அதில் பேய் இல்லை. நோட்டு எழுதுகிற மாதிரியே எழுதினேன். காலை ஏழு மணிக்கு வண்டி ஓட ஆரம்பித்தது. பத்து மணிக்கு அவள் எல்லாருக்கும் டீ கொண்டுவந்தாள். கல் மாவு பறந்து டம்ளரில் விழுகிறது என்று முந்தானையால் மூடிக்கொண்டு வந்தாள். முப்பத்தெட்டாவது ராடு இறங்கும்போது பின்வாசலில் வந்து நின்று என்னைக் கையசைத்துக் கூப்பிட்டாள். ஒரு கை நிலைப்படியைப் பிடித்திருந்தது. அவள் நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறவள் இல்லை. அதை நான் பார்த்தேன். பார்த்துவிட்டு, பொறு என்று உள்ளங்கையைக் காட்டினேன். நிலத்துக்காரன் குழியை விட்டு நகரக் கூடாது. அதை ஊருக்கெல்லாம் சொன்னவன் நான். என் வண்டி ஆட்கள் ஐந்து பேர் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். முதலாளியே நகர்ந்துவிட்டார், அதனால்தான் தண்ணீர் வரவில்லை என்று நாளைக்கு டீக்கடையில் பேசுவார்கள் என்று நினைத்தேன். நான் கட்டிவிட்ட பொய் அது, அதில் ஒரு சொல்கூட நிஜமில்லை என்று அந்த இடத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும். அவள் உள்ளே போய்விட்டாள். அதற்குப் பிறகு பத்து ராடு இறக்கினேன். முப்பத்திரண்டு அடியை நான் நடக்கவில்லை.

பால் பற்றியும் எழுதினேன். ஆட்களுக்கு இரண்டாவது டீ போட அவள் பாலை அடுப்பில் வைத்திருக்கிறாள். நான் உள்ளே போனபோது பால் பொங்கி, வற்றி, கருகி, பாத்திரம் வெறும் புகையாக இருந்தது. ஆட்கள் காருக்கு ஓடினார்கள், ஆஸ்பத்திரிக்குப் போனோம், கையை விரித்தார்கள். திரும்பி வந்ததும், மகள் ஓசூரிலிருந்து வந்து சேர்வதற்கு முன்னால், நான் செய்த முதல் வேலை அந்தப் பாத்திரத்தைத் தேய்த்தது. அவள் எவ்வளவு நேரம் அங்கே கிடந்தாள் என்பதை அந்தப் பாத்திரத்தின் அடி சொல்லிவிடும் என்று பயந்தேன். மண்ணும் தேங்காய் நாரும் போட்டுத் தேய்த்தேன். கருப்பு போகவில்லை. பரணில், பழைய அண்டாவுக்குள் போட்டு மூடி வைத்துவிட்டேன். இது வரைக்கும் யாருக்கும் தெரியாது என்று எழுதி முடித்தேன்.

பதினோரு பக்கம். திருத்தவில்லை. யாருக்கும் படித்துக் காட்டவும் இல்லை. நோட்டைக் கிழிக்காமல் முழுசாக அப்படியே கூரியரில் அனுப்பினேன். கூரியர் கடைப் பெண், "அடுத்த பேய்க்கதையா தாத்தா?" என்றது. "இல்லம்மா" என்றேன். அதற்கு மேல் பெருமையாகச் சொல்ல ஒன்றும் இல்லை.

மூன்று நாள் போனை எடுத்து எடுத்துப் பார்த்தேன். மற்றவர்கள் கூப்பிட்டால், வாசகர்களாகவே இருந்தாலும், சீக்கிரம் வைத்துவிட்டேன். நாலாவது நாள் காலை பத்து மணிக்கு மருமகன் கூப்பிட்டார். குரலைத் தாழ்த்திப் பேசினார்.

"மாமா, நோட்டு வந்துருச்சி. படிச்சிட்டிருக்கா. போன வெக்காதீங்க."

"என்ன சொல்றா?"

"ஒண்ணும் சொல்லல. போன இங்க டேபிள் மேல வெக்கிறேன். நீங்க லைன்லயே இருங்க."

அவர் போனை வைக்கிற சத்தம் கேட்டது. பிறகு அந்த வீடு கேட்டது. ஃபேன் ஓடியது. எங்கேயோ ஒரு மிக்சி. தெருவில் காய்கறி வண்டி ஒலிபெருக்கி வந்து, தேய்ந்து, போய்விட்டது. நடுநடுவே தாள் திரும்புகிற சத்தம். என் கையெழுத்து மோசம், ஒரு பக்கத்துக்கு அவளுக்கு நேரம் பிடிக்கும். நான் திரும்பிய பக்கங்களை எண்ணினேன், ராடு எண்ணுகிற மாதிரி. ஏழுக்குப் பிறகு ரொம்ப நேரம் சத்தம் இல்லை. பின்வாசல் வருவது அந்தப் பக்கத்தில்தான். காதோடு போனை அழுத்திப் பிடித்துக்கொண்டு, உட்காரக்கூடத் தோன்றாமல் மேசைப் பக்கத்தில் நின்றேன். எட்டு. ஒன்பது. காது சுட்டது. பத்து. பதினொன்று திரும்பவில்லை, திரும்ப வேண்டியதில்லை, அதோடு முடிந்தது.

நாற்காலி நகர்ந்தது. போனை எடுத்தாள்.

"லைன்ல இருக்கியா?"

"இருக்கேன்."

"எவ்ளோ நேரமா?"

"ஆரம்பத்துலருந்தே."

அவள் மூக்கை உறிஞ்சினாள். திட்டுவாள் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தாலும் கேட்டுக்கொண்டிருந்திருப்பேன்.

"அந்தப் பாத்திரம் இன்னும் பரண்லதான் இருக்கா?"

"இருக்கு."

"எடுத்துக் கீழ வை. தேய்க்காத. ஞாயித்துக்கெழம வரேன்."

"சாப்பாட்டுக்கு வந்துருவியா?" என்று கேட்டேன்.

அதற்கு அவள் பதில் சொல்லவில்லை. ஆனால் உடனே வைக்கவும் இல்லை.

ஏணியைச் சாய்த்துப் பரணில் ஏறினேன். அறுபத்தெட்டு வயதில் யார் உதவியும் இல்லாமல் ஏறி, அண்டாவை நகர்த்தி, பாத்திரத்தை ஒரு கையில் பிடித்துக்கொண்டு இறங்கினேன். சமையல்கட்டு மேடையில், அடுப்புக்குப் பக்கத்தில் வைத்தேன். மூன்று வருடத் தூசி படிந்திருந்தது. துணியை எடுத்துத் துடைக்கப் போனேன். தேய்க்காதே என்றுதான் சொன்னாள், துடைக்காதே என்று சொல்லவில்லை. இருந்தாலும் துணியைக் கீழே வைத்துவிட்டு, பின்வாசலைத் திறந்து வைத்துக்கொண்டு, அவளுக்கு என்ன சமைக்கலாம் என்று யோசிக்க ஆரம்பித்தேன்.